கரந்த பசியும் திறந்த கதவும்: தமிழ்த் திரை நகைச்சுவையில் உணவுக் காட்சிகள் (1957–1990)

ஆய்வுச் சுருக்கம்

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் வறுமையை அழுகையின் நிலைக்களன்களுள் ஒன்றாக வைக்கிறது. நகையின் நிலைக்களன்களுள் அதற்கு இடமில்லை. ஆயினும் தமிழ்த் திரை நகைச்சுவையில் நெடுங்காலம் நினைவில் நிற்கும் காட்சிகள் பல, பசியையும் பந்தியையும் களமாகக் கொண்டுள்ளன. அழுகைக்குரிய பொருள் நகைக்குரியதாக மாறுவது எவ்வாறு என்பதே இக்கட்டுரையின் வினா. 1957 முதல் 1990 வரை வெளிவந்த ஆறு திரைப்படங்களின் உணவுக் காட்சிகள் இதற்குச் சான்றாகக் கொள்ளப்படுகின்றன. இக்காட்சிகளுட் பெரும்பாலானவற்றில் நகை பிறப்பது பசியிலிருந்து அன்று, ஒன்றை மறைக்கும் முயற்சியிலிருந்தே என்பதும், மறைக்கப்படும் பொருள் இக்காலப்பகுதியில் பசியிலிருந்து தீட்டுக்கு இடம்பெயர்கிறது என்பதும் இங்கு நிறுவப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: திரை நகைச்சுவை, உணவு, பந்தி, பசி, நாணம், தீட்டு, மெய்ப்பாடு

முன்னுரை

தமிழகத்தின் உணவு வரலாற்றை எழுதுவோர் அரசாணைகளையும் விலைப்பட்டியல்களையும் தேர்தல் வாக்குறுதிகளையும் சான்றாகக் கொள்வர். திரைப்பட வரலாற்றை எழுதுவோர் கதைப்போக்கையும் பாடலையும் அரசியல் வசனத்தையும் முதன்மைப்படுத்துவர். நகைச்சுவைக் காட்சிகள் இவ்விருவர் கவனத்திலும் பெரிதும் படுவதில்லை. கதையிலிருந்து பிரித்தெடுக்கத்தக்க இடைச்செருகல் என்னும் கருத்து நகைச்சுவையின்மீது படிந்திருப்பதே இதற்குக் காரணம் எனலாம்.

பசியைக் குறித்து மேடையில் பேசப்பட்டவை கோரிக்கைகளாகப் பதிவாயின. ஆனால் பசித்தவர் அதனைப் பிறரிடமிருந்து மறைத்த விதம் எந்த ஆவணத்திலும் எளிதில் பதிவாவதில்லை. அப்பதிவை நகைச்சுவைக் காட்சிகளில் காணவியலும் என்னும் கருதுகோளிலிருந்து இக்கட்டுரை தொடங்குகிறது. மாயா பஜார் (1957), சர்வர் சுந்தரம் (1964), எதிர்நீச்சல் (1968), வறுமையின் நிறம் சிவப்பு (1980), கரகாட்டக்காரன் (1989), மைக்கேல் மதன காமராஜன் (1990) ஆகிய படங்கள் முதன்மைச் சான்றுகளாகின்றன. இவற்றுள் இரண்டாவதன் கதையும், மூன்றாவது நான்காவது படங்களின் இயக்கமும் கே. பாலசந்தருடையவை. ஒருவரின் படைப்புகள் மிகுதியாக இடம்பெறுவது இத்தேர்வின் வரையறை. எனினும் பசியை நகைச்சுவையின் மையத்திற்குக் கொணர்ந்ததில் அவருடைய பங்கு பெரிதாதலின் இது தவிர்க்கவியலாதது.

இலக்கிய மரபில் உணவும் நகையும்

எள்ளல், இளமை, பேதைமை, மடன் ஆகியவற்றின் அடியாக நகை தோன்றும் எனத் தொல்காப்பியர் வகுக்கிறார். வறுமை அழுகையின்பாற்படும். ஆனால் பிற்கால இலக்கியம் இவ்வெல்லையைக் கடந்திருப்பதை இரு தனிப்பாடல் செய்திகள் காட்டுகின்றன. நாகப்பட்டினத்துக் காத்தான் சத்திரத்தில் உணவு கிடைக்கக் காலந்தாழ்ந்ததைக் காளமேகப் புலவர் எள்ளிப் பாடினார் என்பது ஒன்று. மாலையில் வரும் அரிசி விடியலில்தான் அன்னமாக இலைக்கு வந்துசேரும் என்பது அவ்வெள்ளலின் சாரம். ஔவைக்கு அன்னமிடுமாறு மனைவியிடம் அஞ்சியஞ்சி வேண்டிய கணவன் முறத்தால் அடிபட்ட செய்தி மற்றொன்று. இவ்விரண்டிலும் நகைக்கு இலக்காவோர் உணவைத் தரக் கடமைப்பட்டும் தராதோரே, பசித்தவர் அல்லர். பசித்தவர் எள்ளும் உரிமை பெற்றவராகவே நிற்கிறார்.

பசித்தவரின் உள்ளத்தைக் காட்டும் பகுதி அவற்றினும் மிகப் பழைய சிறுபாணாற்றுப்படையில் உள்ளது. நல்லியக்கோடனிடம் பரிசில் பெறுமுன் தன் இல்லம் இருந்த நிலையைப் பாணன் விவரிக்கும் பகுதி அது. பாழடைந்த அடுக்களையில், அண்மையில் ஈன்ற நாய் தன் குட்டிகளுக்குப் பாலின்றிக் குரைக்கிறது. பசியால் மெலிந்த பெண் குப்பையில் முளைத்த வேளைக்கீரையைக் கிள்ளி உப்பின்றி வேகவைக்கிறாள். பிறர் காண்பதற்கு நாணி வாயிற்கதவை அடைத்துவிட்டுச் சுற்றத்தாருடன் சேர்ந்து அதனை உண்கிறாள். பசியினும் பசி பிறருக்குத் தெரிவதே பெருந்துயர் என்பதை நத்தத்தனார் அக்கதவின் வழியே உணர்த்துகிறார். அங்கு நகை இல்லை. ஆனால் பதினாறு நூற்றாண்டுகளுக்கும் மேலான இடைவெளிக்குப் பின் தமிழ்த் திரை நகைச்சுவை தன் களமாகக் கொண்டது அந்த மூடிய கதவின் உட்புறத்தையே என்பது மேல்வரும் பகுதிகளில் விளங்கும்.

நாணமற்ற பசி: மாயா பஜார்

கே. வி. ரெட்டி இயக்கத்தில் தமிழிலும் தெலுங்கிலும் எடுக்கப்பெற்று 1957இல் வெளிவந்தது மாயா பஜார். வியாசபாரதத்தில் இடம்பெறாத, மக்கள் வழக்கில் நிலைத்த வத்சலை திருமணக் கதை இதன் மூலம். திருமணத்திற்கெனச் சமைத்து வைக்கப்பட்ட உணவு முழுவதையும் கடோற்கசன் ஒருவனே உண்டு தீர்க்கும் பாடற்காட்சியில் எஸ். வி. ரங்காராவ் நடித்தார். பண்டங்கள் தாமே எழுந்து அவன் வாய்க்குட் செல்வதைக் காட்டும் தந்திரக் காட்சிகள் மார்கஸ் பார்ட்லியின் ஒளிப்பதிவில் அமைந்தன.

இக்காட்சியில் மறைக்கப்படுவது எதுவுமில்லை. அரக்கன் என்பதால் கடோற்கசனுக்குப் பந்தியின் முறைகள் பொருந்தா. அவன் அழைப்பிற்குக் காத்திருப்பதில்லை, யாரும் பரிமாறவேண்டியதுமில்லை. மனிதருக்கு விலக்கப்பட்ட வேட்கை அரக்கனுக்கு அனுமதிக்கப்படுகிறது. பார்வையாளர் அவனை எள்ளவில்லை. அவனுடன் சேர்ந்து மகிழ்கின்றனர். காமராசர் ஆட்சியில் பள்ளி மதிய உணவுத் திட்டம் 1956இல் தொடங்கப்பெற்ற காலச்சூழலில், பள்ளிக்கு வரும் குழந்தைக்கு ஒருவேளைச் சோறிடுவது அரசின் கடமையென ஏற்கப்பட்ட வேளையில், அளவின்றி உண்ணும் இக்கனவு திரையில் தோன்றியது. இரண்டிற்கும் நேரடித் தொடர்பு கற்பிக்க இயலாது. ஆனால் அக்கனவைக் கண்டு மகிழ்ந்தோர் எத்தகைய காலத்தில் வாழ்ந்தனர் என்பதை மறந்து அக்காட்சியை வாசித்தலும் பொருந்தாது. கடோற்கசனின் திறந்த பசி இவ்வாய்வுக்குத் தொடக்கப் புள்ளியாகிறது. இதன்பின் சமூகக் கதைப் படங்களில் வரும் மனிதர்களுக்கு இத்தகைய நாணமின்மை வாய்ப்பதில்லை.

பரிமாறுபவனும் எஞ்சியதை உண்பவனும்

கிருஷ்ணன்–பஞ்சு இயக்கிய சர்வர் சுந்தரம், பாலசந்தரின் மேடை நாடகத்தை அடியொற்றியது. உணவக ஊழியனான சுந்தரம் திரை நடிகனாக உயர்கிறான். இறுதியில் புகழைத் துறந்து பரிமாறும் பணிக்கே மீள்கிறான். பாத்திரங்களைக் கையில் அடுக்கிக்கொண்டு நாகேஷ் நடமாடும் காட்சி பலராலும் நினைவுகூரப்படுவது. கை நிறைய உணவை ஏந்தியிருப்பவனின் வயிறு அங்கே பேசுபொருளாவதில்லை. உண்பவர் கண்ணுக்குப் புலனாவது அவனது விரைவும் திறமையுமே. அத்திறமையைக் கண்டு நகைக்கும் பார்வையாளர், அவன் உண்டானா என்று வினவுவதில்லை.

இக்காட்சியின் களம் இல்லம் அன்று, உணவகம் என்பது நோக்கற்பாலது. இல்லத்தில் பரிமாறும் பெண்ணின் இடத்தில் இங்கே கூலிபெறும் ஆண் நிற்கிறான். தமிழகத்தில் உணவகம் எளிய வணிக இடமாக மட்டும் இருந்ததில்லை. சாதியின் பெயரால் சிலரை விலக்குவதும் தனி இடத்தில் அமர்த்துவதும் வழக்கிலிருந்தன. தீண்டாமைக் குற்றங்கள் சட்டம் 1955இல் இவ்விலக்கைத் தண்டனைக்குரியதாக்கியது. உணவகப் பெயர்ப்பலகைகளில் உள்ள ‘பிராமணாள்’ என்னும் சொல்லை அழிக்கக் கோரிப் பெரியார் 1957இல் சென்னையில் கிளர்ச்சி நடத்தினார். யார் உண்ணலாம் என்னும் வினா பொதுவெளியில் இவ்வாறு எழுப்பப்பட்டிருந்தது. பரிமாறுபவன் யார், அவன் வாழ்வு எத்தகையது என்னும் வினாவை ஏழாண்டுகளுக்குப்பின் இந்நகைச்சுவைப் படம் எழுப்பியது.

எதிர்நீச்சலில் இவ்வினா ஒண்டுக்குடித்தன வீட்டிற்குள் நுழைகிறது. மாது என்னும் அனாதை இளைஞன் மாடிப்படியின் அடியில் வாழ்கிறான். குடியிருப்போர் அனைவருக்கும் ஏவல் செய்கிறான். அவர்கள் உண்டு எஞ்சியதை உண்டு படிக்கிறான். ஒரு கூரையின்கீழ்ப் பல அடுப்புகள் எரிகின்றன. ஆனால் எந்த அடுப்பும் அவனுக்காக எரிவதில்லை. எல்லா இல்லத்து உணவும் அவன் அறிந்ததே. எந்த இல்லத்துப் பந்தியும் அவனுக்கு உரியதன்று. குடும்ப உணவு என்னும் கருத்தின் எல்லையை இதனினும் தெளிவாக வரைந்த நகைச்சுவைப் பாத்திரம் தமிழில் அரிது. உறவினனுக்கு இடப்படுவது விருந்து. இரவலனுக்கு இடப்படுவது ஐயம். மாதுவுக்குத் தரப்படுவதோ உழைப்புக்கு ஈடாகாத, கூலி என்றும் பெயரிடப்படாத எச்சம். அவன் அதனைச் சிரித்த முகத்துடன் பெறுகிறான். அச்சிரிப்பு ஒரு மறைப்பு. மனக்குறையைக் காட்டினால் அடுத்த வேளை உணவு ஐயத்திற்குள்ளாகும் என்பதை அவன் அறிவான்.

இப்படம் உருவான ஆண்டுகளின் உணவு நிலையை இங்கு இணைத்து நோக்குதல் தகும். 1965, 1966 ஆகிய ஆண்டுகளில் நாட்டின் பல பகுதிகளில் பருவமழை பொய்த்தது. அமெரிக்கக் கோதுமை பெருமளவில் இறக்குமதியாயிற்று. வாரத்தில் ஒருவேளை உணவைத் தவிர்க்குமாறு தலைமையமைச்சர் லால் பகதூர் சாஸ்திரி நாட்டு மக்களை வேண்டினார். 1967 தேர்தலில் ரூபாய்க்கு மூன்று படி அரிசி என்பது திராவிட முன்னேற்றக் கழகத்தின் இலக்காகவும் ஒரு படி என்பது உறுதிமொழியாகவும் முன்வைக்கப்பட்டன. ஆட்சிக்கு வந்தபின் ரூபாய்க்கு ஒரு படித் திட்டம் அவ்வாண்டே சென்னையிலும் கோவையிலும் தொடங்கப்பெற்றது. ஒருவேளை உணவைத் துறப்பது நாட்டுப்பற்றாகவும், ஒரு படி அரிசி வாக்குக்குரிய பொருளாகவும் பேசப்பட்ட காலத்தில், உணவைத் துறக்கவோ கோரவோ இயலாத ஒருவனைப் பாலசந்தர் மாடிப்படியின் அடியில் வைத்தார். துறப்பதற்கு முதலில் உணவு தனக்கென இருத்தல் வேண்டும்; கோருவதற்கு ஒரு கூட்டம் வேண்டும். மாதுவிடம் இரண்டும் இல்லை.

வெறுந்தட்டின் முன்

வறுமையின் நிறம் சிவப்பு இம்மறைப்பைத் தன் மையக் காட்சிகளுள் ஒன்றாகவே ஆக்கியது. கதைக்களம் தில்லி. வேலை தேடிவந்த தமிழ் இளைஞர்கள் சிலர் ஓர் அறையில் வாழ்கின்றனர். அவர்களுள் ஒருவனான ரங்கனாகக் கமல்ஹாசனும், தேவியாக ஸ்ரீதேவியும் நடித்தனர். தங்கள் பட்டினி தேவிக்குத் தெரியாதிருக்கும்பொருட்டு, உணவில்லாத தட்டுகளின் முன் அமர்ந்து உண்பதாக அவ்விளைஞர்கள் நடிக்கும் காட்சி புகழ்பெற்றது.

இக்காட்சியில் நகை இரு படிகளில் இயங்குகிறது. இல்லாத உணவை இருப்பதாகப் பாவிக்கும் நடிப்பின் நேர்த்தி முதற்படி. அந்நேர்த்தி மிகுந்தோறும் உணவின் இன்மையும் மிகுந்து தோன்றுவது இரண்டாம் படி. உண்மையைத் தேவி உணரும் கணத்தில் நகை நின்றுபோகிறது. அழுகை அவ்விடத்தைப் பெறுகிறது. ஒரே பொருள், ஒரே மனிதர், ஒரே தட்டு. மாறியது கதவின் நிலை மட்டுமே. மூடியிருந்தவரை நகையாக இருந்தது, திறந்ததும் அழுகையாயிற்று. வறுமை அழுகைக்கு உரியது என்ற தொல்காப்பியரின் பாகுபாடு இங்கு மீறப்படவில்லை, ஒத்திவைக்கப்படுகிறது. மறைப்பு நீடிக்கும் அளவே நகை நீடிக்கிறது.

இதனைச் சாப்ளினின் ‘தி கோல்டு ரஷ்’ (1925) படத்துடன் ஒப்பிடலாம். பனிவெளிக் குடிலில் பசியால் வாடும் நாடோடி தன் காலணியை வேகவைத்து உண்கிறான். காலணியின் ஆணிகளை எலும்புகளைப்போல் சுவைக்கும் அவனது பாவனையில் நகை பிறக்கிறது. உண்ணத்தகாததை உண்பது அங்கு நிகழ்கிறது. உண்ண ஏதுமின்றி உண்பதாகக் காட்டுவது இங்கு நிகழ்கிறது. குடிலில் உடனிருப்பவனும் பசித்தவனே. எனவே நாடோடி தன் பசியை அவனிடம் மறைக்கத் தேவையில்லை. ரங்கனும் நண்பர்களும் பசியைப் பொறுக்கின்றனர். பசித்தவராகக் காணப்படுவதைப் பொறுக்கமாட்டாதவர்களாயிருக்கின்றனர். அவர்களது நடிப்புக்கு அருகிலுள்ள முன்னோடி சாப்ளினின் நாடோடி அல்லன். சிறுபாணாற்றுப்படையில் கதவை அடைத்த பெண்ணே எனல் தகும். இது நேரடித் தாக்கம் என்னும் வாதமன்று. மானத்தை உணவினும் உயர்வாக வைக்கும் மதிப்பீடு ஒரு பண்பாட்டில் நீடிக்கும்போது, ஒத்த சூழலில் ஒத்த செயல் பிறக்கும் என்பதே இங்குக் கருதப்படுவது.

மறைபொருளின் இடமாற்றம்

1989, 1990 ஆகிய ஆண்டுகளின் இரு காட்சிகள் வேறொரு நிலையைக் காட்டுகின்றன. கங்கை அமரன் இயக்கிய கரகாட்டக்காரனில் கவுண்டமணி ஒரு ரூபாய்க்கு இரண்டு வாழைப்பழம் வாங்கிவரச் செந்திலை அனுப்புகிறார். செந்தில் ஒன்றை உண்டுவிட்டு மற்றொன்றைத் தருகிறார். இன்னொன்று எங்கே என்ற வினாவிற்கு, இருக்கும் பழத்தையே அந்த இன்னொன்றாகச் சுட்டிக்காட்டுகிறார். எத்தனை முறை கேட்டாலும் விடை மாறுவதில்லை. இங்கே உண்டவன் நாணவில்லை, பசியும் பேசப்படவில்லை. ஏவுபவன் கணக்குக் கேட்கிறான். ஏவப்பட்டவன் அக்கணக்கின் சொற்களையே அவனுக்கு எதிராகத் திருப்புகிறான். தரப்பட்டதைச் சிரித்து ஏற்ற மாது இருபத்தோராண்டுகளில் கணக்கைக் குலைப்பவனாக மாறியிருப்பதை இங்குக் காணலாம்.

சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கத்தில் கிரேசி மோகன் உரையாடல் எழுதிய மைக்கேல் மதன காமராஜனில், கமல்ஹாசன் ஏற்ற நான்கு வேடங்களுள் ஒன்று பாலக்காட்டு அந்தணச் சமையற்காரனான காமேஸ்வரன். திருமண விருந்துக்கான சாம்பாரில் மீன் விழுந்துவிடுகிறது. பந்தி நடந்துகொண்டிருக்கையில் அதனைத் தேடியெடுத்து நிலைமையைச் சமாளிக்கும் பரபரப்பே நகைக்கு அடிப்படை. வறுமையின் நிறம் சிவப்பில் தட்டில் எதுவுமில்லை என்பது மறைக்கப்பட்டது. இங்கோ உணவில் ஒன்று மிகுதியாக இருப்பது மறைக்கப்படுகிறது. இன்மையை மூடிய திரை இப்போது தீட்டை மூடுகிறது.

தீட்டு பற்றிய அச்சம் தமிழகப் பந்தியின் வரலாற்றில் கடுமையான அரசியலாக இருந்தது. வ. வே. சு. ஐயர் நடத்திய சேரன்மாதேவி குருகுலத்தில் அந்தண மாணவர்க்குத் தனியே உணவளிக்கப்பட்டமை 1924–25இல் பெரும் பூசலாக வெடித்தது. வரதராஜுலு நாயுடுவும் பெரியாரும் அதனை எதிர்த்தனர். தமிழகக் காங்கிரசில் அது ஆழ்ந்த பிளவை உண்டாக்கியது. அறுபத்தைந்தாண்டுகளுக்குப்பின் அதே தூய்மைக் கோட்பாடு ஒரு சாம்பார் வாளியில் மிதக்கும் மீனால் நகைக்கிடமாகிறது. ஒரு மதிப்பீட்டைக் கண்டு பலரும் ஒருங்கே நகைக்க இயல்வது, அதன் அதிகாரம் ஓரளவு தளர்ந்தமையைக் காட்டலாம். ஆனால் மீன் கண்டுபிடிக்கப்பட்டால் விருந்து குலையும் என்ற அச்சம் பார்வையாளர்க்கு விளக்கமின்றியே புரிவதால், அது முற்றிலும் நீங்கவில்லை என்பதும் புலனாகிறது.

பசியிலிருந்து தீட்டுக்கு நிகழ்ந்த இம்மாற்றத்திற்கு ஒற்றைக் காரணம் கூறுதல் இயலாது. எம். ஜி. இராமச்சந்திரன் ஆட்சியில் 1982 சூலை 1இல் சத்துணவுத் திட்டம் தொடங்கப்பெற்றதும் நியாயவிலைக் கடைகள் பரவியதும் பசியைப் பற்றிய பொதுப்பேச்சை மாற்றின. ஒரே வரிசையில் அமர்ந்து ஒரே உணவை உண்ணும் அனுபவத்தையும் பள்ளிச் சத்துணவு பல குழந்தைகளுக்கு அளித்தது. திரைக்கதை மரபில் நிகழ்ந்த மாற்றங்களும் சேர்த்தெண்ணத்தக்கவை. பட்டினி நகைச்சுவையின் மையத்திலிருந்து விலகியமை, அது வாழ்விலிருந்தே விலகியதற்குச் சான்றாகாது என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கது.

காட்சிக்கு வெளியே நின்றோர்

இவ்வாறு படங்களிலும் பசித்தவராகவோ உண்பவராகவோ நகைக்கு மையமாவோர் ஆண்களே. சிறுபாணாற்றுப்படையில் பசித்தவளும் சமைத்தவளும் நாணியவளும் பெண். திரையில் அம்மூன்றும் பிரிந்துவிட்டன. நாணமும் பசியும் இளைஞருக்குச் சென்றன. மாதுவுக்கு எஞ்சியதைத் தருபவராகவும், மறைக்கப்பட்ட பட்டினியைக் கண்டறிபவராகவும் மட்டுமே பெண்கள் எஞ்சினர். குடும்பத்தில் அனைவரும் உண்டபின் எஞ்சியதை உண்ணும் வழக்கம் பெண்களிடமே பரவலாக இருந்தது. மாதுவின் நிலை ஒவ்வோர் இல்லத்து அடுக்களையிலும் ஒரு பெண்ணின் நிலையாகவும் இருந்திருக்கக்கூடும். ஆயினும் அது நகையாகவும் அழுகையாகவும் திரையில் இடம்பெறவில்லை, இயல்பெனக் கொள்ளப்பட்டது.

இரண்டாவது விடுபாடு சாதி சார்ந்தது. புலால் உணவு தமிழகத்துப் பெரும்பான்மையோர்க்கு உரியது. மைக்கேல் மதன காமராஜனில் மீன் உணவாக வரவில்லை; விபத்தாக வருகிறது. சாம்பாரை இயல்பாகவும் மீனைப் பிறழ்வாகவும் கொண்ட நோக்குநிலையிலிருந்தே நகை அமைக்கப்பட்டுள்ளது. மீனை அன்றாடம் உண்ணும் பார்வையாளரும் அக்காட்சிக்காக அந்நோக்குநிலையை ஏற்றுக்கொள்கிறார். தம் உணவு இன்னொருவர் இலையில் தீட்டாவதைக் கண்டு அவர் நகைக்கும்போது, அந்நகை தூய்மைக் கோட்பாட்டை எள்ளுவதா, அதற்கு உடன்படுவதா என்பது எளிதில் முடிவு செய்யத்தக்கதன்று. சேரன்மாதேவியில் எழுந்த வினாவின் ஒரு பகுதி விடையின்றி இங்கும் தொடர்கிறது.

முடிவுரை

இவ்வாய்வால் பெறப்படுவன வருமாறு. முதலாவதாக, தமிழ்த் திரை நகைச்சுவையில் பசி தானே நகைப்பொருளாவதில்லை. அதனை மறைக்கும் முயற்சியே நகைப்பொருளாகிறது. மறைப்பு விலகும் கணத்தில் வறுமை தனக்குரிய அழுகைக்கே மீள்கிறது. இரண்டாவதாக, கடோற்கசனின் திறந்த பசியில் தொடங்கி, மாதுவின் சிரிப்பிலும் ரங்கனின் வெறுந்தட்டிலும் கரந்துறைந்த பசி, 1990இல் தீட்டுக்குத் தன் இடத்தை விட்டுக்கொடுக்கிறது. மூன்றாவதாக, இக்காட்சிகள் பெண்ணின் பசியையும் பெரும்பான்மையோரின் உணவையும் வெளியே நிறுத்தியே இயங்குகின்றன.

அரிசி விலையையும் வழங்கல் அளவையும் ஆவணங்களிலிருந்து கணக்கிடலாம். விருந்தினர் வரும் ஓசை கேட்டு வெறுந்தட்டின் முன் அமர்ந்தவர்களின் வரலாற்றை அக்கணக்கு காட்டாது. அதனை அறிய நகைச்சுவைக் காட்சிகளையும் சான்றாக ஏற்கவேண்டும். அவற்றில் நகை எந்த இடத்தில் நின்றுபோகிறது என்பதைக் குறித்துக்கொள்ளவேண்டும்.